இறாலுக்கு வந்த வாழ்வு

போன ஞாயித்துக்கிழமை மீன் கடையில இறால் வாங்கப் போயிருந்தேன். "கடல் இறாலாண்ணே?"ன்னு கேட்டதுக்கு கடைக்காரர் சிரிச்சுட்டே, "அதெல்லாம் இப்ப எங்க தம்பி, வெனாமி தான்... பண்ணை இறால்"னார். வெனாமி. ஏதோ இத்தாலிக்காரி பேரு மாதிரி இருக்கேன்னு நினைச்சுக்கிட்டே அரைக்கிலோ வாங்கிட்டு வந்து, தொக்கு வச்சு சாப்பிட்டும் முடிச்சாச்சு. ஆனா அந்தப் பேரு மட்டும் மண்டைக்குள்ளயே சுத்திக்கிட்டு இருந்துச்சு.

சின்ன வயசுல சீர்காழிப் பக்கம் மாமா வீட்டுக்குப் போகும்போது பஸ் ஜன்னல் வழியா குளம் குளமா, சதுர சதுரமா பார்த்திருக்கேன். சிலதுல துடுப்புச் சக்கரம் சுத்திக்கிட்டு இருக்கும், சிலது தண்ணி இல்லாம வெடிச்சுக் கிடக்கும். "அதெல்லாம் முன்னாடி வயலுடா"ன்னு மாமா சொல்வார். அதுக்கு மேல கேட்டுக்கல. இப்ப உட்கார்ந்து படிச்சா, அதுக்குப் பின்னாடி ஜப்பான், தைவான், சுப்ரீம் கோர்ட், காந்தியவாதிகள், ஒரு வைரஸ், பின்தேதி போட்ட ஒரு சட்டம்னு பெரிய கதையே இருக்கு. நான் பிறந்த சமயத்துல நடந்தது, எனக்கே இத்தனை நாள் தெரியாது. உங்கள்ல சில பேருக்காவது தெரியாம இருக்கும்ங்கற தைரியத்துல எழுதுறேன்.

குஞ்சுக்கு என்ன சாப்பாடு?

இறால் மீன் இல்லீங்க. நண்டு, சிங்கி இறால் வகையறா, அதாவது ஓட்டுடலி. அதோட வாழ்க்கை கொஞ்சம் விசித்திரமானது. தாய் இறால் கடல்ல லட்சக்கணக்குல முட்டை போடும். ஒரு நாளுக்குள்ள குஞ்சு வெளிய வந்துடும், ஆனா அதைப் பார்த்தா இறால்னே சொல்ல முடியாது. ஏதோ கால் முளைச்ச புள்ளி மாதிரி இருக்கும். நாப்ளியஸ், ஸோயியா, மைசிஸ்னு மூணு கட்டம் தாண்டி, பல தடவை சட்டையை உரிச்சுப் போட்டாத்தான் நமக்குத் தெரிஞ்ச இறால் உருவம் வரும். அப்புறம் அந்தக் குட்டிகள் அலையோட கழிமுகத்துக்கு வந்து, உப்பும் நல்ல தண்ணியும் கலந்த இடத்துல வளர்ந்து, பெருசானதும் திரும்ப கடலுக்கே போயிடும்.

இந்தப் பழக்கத்தை நம்மாட்கள் ரொம்ப நாளாவே கவனிச்சிருக்காங்க. கேரளாவுல பொக்காளி வயல், வங்காளத்துல பேரி. கடல் தண்ணி ஏறும்போது மடையைத் திறந்து விடுவாங்க. தண்ணியோட குஞ்சும் உள்ள வந்துடும், மடையை மூடிட்டு சில மாசம் கழிச்சுப் பிடிச்சுக்குவாங்க. பொக்காளியில மழைக்காலத்துல நெல்லு, மத்த நேரத்துல இறால். தீவனமும் கிடையாது, மருந்தும் கிடையாது. விளைச்சல் கம்மி தான், ஆனா அந்த முறைக்கு யாரும் கேஸ் போடல. இதை ஞாபகம் வச்சுக்குங்க, பின்னாடி தேவைப்படும்.

அந்தக் குஞ்சைத் தொட்டியில வச்சு மனுஷன் வளர்க்க முடியுமான்னு முதல்ல மண்டையை உடைச்சுக்கிட்டவர் ஜப்பான்காரரான மோட்டோசாகு ஃபுஜினாகா. 1934-லயே குருமா இறாலை தொட்டியில முட்டையிட வச்சுட்டார். பிரச்சனை அதுக்கு அப்புறம் தான். நாப்ளியஸுக்கு முட்டைக்கருவுல இருந்து வந்த சேமிப்பு இருக்கறதால சாப்பாடு தேவையில்ல. அடுத்த கட்டத்துக்குப் போனதும் பசிக்கும். என்ன குடுக்கறது? கண்ணுக்கே தெரியாத டயாட்டம்ங்கற நுண்பாசியைத் தனியா வளர்த்து அதைக் குடுத்தா பிழைக்குதுன்னு அவர் கண்டுபிடிச்சார். 1942-ல கட்டுரையா வந்துச்சு. நடுவுல உலகப்போர். வியாபார அளவுக்கு இது வர்றதுக்கு 1960-கள் ஆயிடுச்சு. ஒரு பிழையைப் பிடிக்க ரெண்டு நாள் ஆனாலே மேனேஜர் நம்மைச் சுத்திச் சுத்தி வர்றார். இந்த மனுஷன் ஒரு பூச்சி சைஸ் குஞ்சுக்காக முப்பது வருஷம் செலவழிச்சிருக்கார்!

தைவான் பாடம் நம்பர் ஒண்ணு

1968-ல தைவான்ல லியாவ் ஐ-சியு என்பவர் இதே வேலையைப் புலி இறால்ல செஞ்சு காட்டினார். உடம்பு பூரா வரி வரியா இருக்குமே, அந்த டைகர் இறால். சீக்கிரம் பெருசா வளரும், ஜப்பான்ல நல்ல விலை.

இதுல இன்னொரு சங்கடம் இருந்துச்சு. அடைச்சு வச்ச தாய் இறால் லேசுல சினை பிடிக்காது. முட்டை உருவாகறதைத் தடுக்கற ஹார்மோன் இறாலோட கண் காம்புல இருக்கு. அதனால ஒரு பக்கத்துக் கண்ணை நசுக்கி எடுத்துட்டா சில நாள்லயே சினையாயிடும். படிச்சப்போ எனக்கும் ஒரு மாதிரி தான் இருந்துச்சு. ஆனா உலகம் பூரா குஞ்சு பொரிப்பகங்கள் இந்த வித்தையை வச்சுத்தான் பெருகிச்சு.

1987-ல தைவான் உச்சத்துல இருந்துச்சு. 1988-ல ஒரே அடி. நோய் வந்து விளைச்சல் பாதாளத்துக்குப் போயிடுச்சு. கடல் தண்ணியோட உப்பைக் குறைக்கறதுக்காக நிலத்தடி நீரை உறிஞ்சி உறிஞ்சிக் கலந்ததுல, பிங்டுங் கடலோரத்துல சில இடங்கள்ல தரையே 2 மீட்டருக்கு மேல கீழ இறங்கிடுச்சு. ஆமாங்க, நிலமே உட்கார்ந்துடுச்சு!

இதைப் பார்த்து மத்த நாடுகள் உஷாராகி இருக்கணும். நடந்தது என்ன? "தைவான் விழுந்துடுச்சா, அப்ப சந்தை நமக்குத் தான்"னு எல்லாரும் இறங்கினாங்க. சீனா 1993-ல விழுந்துச்சு. அடுத்து நாம.

நாகப்பட்டினத்துக்கு வந்த தங்கம்

1990-கள் ஆரம்பம். தாராளமயம் வந்த நேரம். அந்நியச் செலாவணி எதுல கிடைக்கும்னு நாடே தேடிக்கிட்டு இருந்தப்போ, இறால் கையில கிடைச்சுது. எம்பெடாங்கற கடல்பொருள் ஏற்றுமதி வளர்ச்சி ஆணையம் 1972-ல இருந்தே இருக்கு. 1980-கள் கடைசியில ஆந்திராவுலயும் ஒரிசாவுலயும் பெரிய குஞ்சு பொரிப்பகங்கள் வந்தாச்சு. 1992-ல உலக வங்கியும் இறால் வளர்ப்புக்குக் கடன் குடுத்துச்சு. நெல்லூர்ல ஆரம்பிச்ச ஜுரம் அப்படியே கடலோரமா இறங்கி சீர்காழி, தரங்கம்பாடி, நாகப்பட்டினம் வரைக்கும் வந்துடுச்சு. மண்ணும் கடலும் கிட்டத்துல, நிலம் மட்டம், மின்சாரம் உண்டு. வேற என்ன வேணும்?

கணக்கு என்னமோ ரொம்ப அழகா இருந்துச்சு. குளம் வெட்டி, கடல் தண்ணியை மோட்டார் வச்சு ஏத்தி, குஞ்சை விட்டு, தீவனம் போட்டா நாலே மாசத்துல அறுவடை. ஒரு ஏக்கர்ல வர்ற லாபத்தை நெல்லு வாழ்நாள் பூரா தராது. அதனால கடலோர நிலத்தைக் கம்பெனிகள் நல்ல விலை குடுத்து வாங்கினாங்க. விற்கறவனுக்கும் சந்தோஷம் தான்.

சரி, சந்தோஷப்படாதவங்க யாரு?

முதல்ல பக்கத்து வயல்காரர். குளத்துல இருக்கறது உப்புத்தண்ணி. அது குளத்தோட நிக்காது, மண்ணுக்குள்ள ஊறி அடுத்த வயலுக்குப் போகும். சம்பா நட்டா கருகும். சுத்திலும் குளம் வந்துட்ட பிறகு நடுவுல ஒரு ஏக்கர் வச்சிருக்கறவர் என்ன பண்ணுவார்? வேற வழியில்லாம வித்துடுவார். "விருப்பப்பட்டுத் தானே வித்தாங்க"ன்னு சொல்றவங்க இந்த நடு ஏக்கர்காரரைக் கணக்குல சேர்க்கறதில்ல.

ரெண்டாவது, குடிதண்ணி. கிணறு உப்பாயிடும். தண்ணி எடுக்கப் பொம்பளைங்க கூடுதல் தூரம் நடக்கணும்.

மூணாவது, மீனவர்கள். குப்பத்துக்கும் கடலுக்கும் நடுவுல வேலி வந்துடும். தீவன மிச்சம், கழிவு, மருந்து எல்லாம் கலந்த தண்ணி திரும்ப வாய்க்கால்ல, கடல்ல தான் போய் விழும்.

நாலாவது தான் எனக்கு ரொம்ப உறைச்சது. நிலமே இல்லாத விவசாயக் கூலிகள். நெல்லுன்னா நாத்து பறிக்க, நடவு நட, களையெடுக்க, அறுக்க, அடிக்கன்னு வருஷத்துல பல மாசம் ஆள் வேணும், அதுலயும் பொம்பளை ஆள். இறால் குளத்துக்கு? தீவனம் போட ரெண்டு பேர், ராத்திரி காவலுக்கு ரெண்டு பேர். நிலத்தை வித்தவனுக்காவது காசு வந்துச்சு. அந்த நிலத்துல வேலை பார்த்தவளுக்கு என்ன வந்துச்சு? அவகிட்ட யாரும் கையெழுத்து வாங்கவே இல்லையே!

எண்பது வயசுல ஒரு கேஸ்

இங்க தான் ஜெகந்நாதனும் கிருஷ்ணம்மாளும் வர்றாங்க. ரெண்டு பேரும் சர்வோதயக்காரங்க. வினோபாவோட பூதான இயக்கத்துல நடையா நடந்தவங்க. 1968 டிசம்பர் 25-ல கீழ்வெண்மணியில 44 பேர் எரிச்சுக் கொல்லப்பட்ட பிறகு, இனிமே நம்ம வேலை இங்க தான்னு கீழத்தஞ்சைக்கு வந்துட்டாங்க. 1981-ல லாஃப்டின்னு ஒரு அமைப்பை ஆரம்பிச்சு, நிலத்தை வாங்கி, நிலமில்லாத தலித் பெண்கள் பேருக்கு ஏக்கர் ஏக்கராப் பதிவு பண்ணிக் குடுத்தாங்க.

இவ்வளவு பாடுபட்டு வாங்கிக் குடுத்த நிலத்துக்குப் பக்கத்துலயே உப்புத்தண்ணி வந்து நின்னா எப்படி இருக்கும்? மறியல், உண்ணாவிரதம், நடைப்பயணம் எல்லாம் செஞ்சு பார்த்தாங்க. 1994-ல ஜெகந்நாதன், கிராம சுயராஜ்ய இயக்கத்தோட தலைவர்ங்கற முறையில சுப்ரீம் கோர்ட்டுக்கே போயிட்டார். அப்ப அவருக்கு வயசு கிட்டத்தட்ட 80. அவருக்காக வாதாடினவர் எம்.சி.மேத்தா. ஆமா, தாஜ்மகால், கங்கை கேஸ் எல்லாம் போட்ட அதே மேத்தா தான்.

கோர்ட், நாக்பூர்ல இருக்கற நீரிங்கற சுற்றுச்சூழல் ஆய்வு நிறுவனத்தை அனுப்பிப் பார்க்கச் சொல்லிச்சு. அவங்க அறிக்கையோட சாரம்: இறால்ல வர்ற வருமானத்தை விட அதனால வர்ற நஷ்டம் அதிகம்! கோர்ட் பார்த்த இன்னொரு அறிக்கை கே. அழகர்சாமி எழுதினது. அப்போ அவர் சென்னையில இருக்கற உவர்நீர் மீன்வளர்ப்பு ஆராய்ச்சி நிறுவனமான சிபாவோட இயக்குநர். அதுக்கு முன்னாடி 1973-ல தூத்துக்குடியில இந்தியாவோட முதல் வளர்ப்பு முத்தை உருண்டையா எடுத்துக் காட்டினவரும் இவரே. அதாவது கடல் வளர்ப்புக்கு எதிரி இல்ல, அதுலயே ஊறினவர். அவர் அறிக்கையே கேஸ்ல இறால் பண்ணைகளுக்கு எதிரான சாட்சியா நின்னுச்சு.

வாதத்துல ஒரு சுவாரஸ்யமான இடம் உண்டு. 1991 கடலோர ஒழுங்குமுறை அறிவிக்கை, கடல் ஏற்றக் கோட்டுல இருந்து 500 மீட்டருக்குள்ள புதுத் தொழிற்சாலை கூடாதுன்னு சொல்லுது. கடற்கரை நேரடியாத் தேவைப்படற தொழிலுக்கு மட்டும் விலக்கு. "எங்களுக்குக் கடல் தண்ணி வேணுமே, அப்ப நாங்களும் அந்த விலக்குல தானே வர்றோம்?"னு பண்ணைக்காரங்க கேட்டாங்க. லாஜிக்கா சரியாத் தான் தெரியுது, இல்லையா? நீதிபதிகள் குல்தீப் சிங்கும் சகீர் அகமதும் ஒத்துக்கல. உவர்நீர் தேவைங்கறது வேற, கடற்கரை தேவைங்கறது வேற. துறைமுகத்தைத் தள்ளி வைக்க முடியாது, இறால் குளத்தைத் தள்ளி வைக்கலாம்.

1996 டிசம்பர் 11-ல தீர்ப்பு. 500 மீட்டருக்குள்ள இருக்கற பண்ணைகளை 1997 மார்ச் 31-க்குள்ள இடிக்கணும். சில்கா, பழவேற்காடு ஏரிகளைச் சுத்தி 1000 மீட்டருக்குள்ளயும் கூடாது. விளைநிலம், உப்பளம், அலையாத்திக்காடு எதையும் இறால் குளமா மாத்தக்கூடாது. பாழாக்கினவங்களே நஷ்டஈடு குடுக்கணும். வேலை போற பண்ணைத் தொழிலாளிக்குச் சட்டப்படி வர்றதோட 6 வருஷச் சம்பளமும் சேர்த்துக் குடுக்கணும். பாரம்பரிய முறைக்கு மட்டும் விலக்கு. (பொக்காளியை ஞாபகம் வச்சுக்கச் சொன்னேனே!)

தீர்ப்பு வந்துச்சு, அப்புறம்?

படம்னா இங்க வணக்கம் போட்டிருப்பாங்க. நிஜத்துல மறுசீராய்வு மனுக்கள் வந்துச்சு, இடிக்கற உத்தரவு 1997-லயே நிறுத்தி வைக்கப்பட்டுச்சு. கோர்ட் சொன்ன மாதிரி ஒரு ஆணையம் அமைஞ்சுது, ஆனா அது லைசென்ஸ் குடுக்கற ஆணையமா மாறிச்சு. 2005-ல கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்பு ஆணையச் சட்டம் வந்துச்சு. அதுல ஒரு பிரிவு, 1991 அறிவிக்கையில இருந்த தடை கடலோர இறால் வளர்ப்புக்குப் பொருந்தாதுன்னு சொல்லுது. எப்ப இருந்து? 1991 பிப்ரவரி 19-ல இருந்தே! அதாவது அறிவிக்கை பிறந்த அதே நாள்ல இருந்து. நாம பழைய தேதி போட்டு கோடு செக்-இன் பண்ணினா வேலையை விட்டுத் தூக்கிடுவாங்க. பார்லிமெண்ட் பண்ணினா அது சட்டம்.

நியாயமா அதுல இருக்கற நல்லதையும் சொல்லணும். புதுப் பண்ணைக்கு ஏற்றக் கோட்டுல இருந்து 200 மீட்டர் தள்ளி இருக்கணும், எல்லாப் பண்ணையும் பதிவு பண்ணணும்னு அந்தச் சட்டம் தான் கட்டுப்பாடு கொண்டு வந்துச்சு. ஒண்ணுமே இல்லாததுக்கு இது மேல். 500 எங்கே, 200 எங்கேன்னு கேட்டா என்கிட்ட பதில் இல்ல.

கோர்ட்டால முடியாததை ஒரு வைரஸ் செஞ்சுது

கேஸ் நடந்துக்கிட்டு இருந்தப்பவே, 1994 கடைசியில இருந்து, ஆந்திராவுலயும் தமிழ்நாட்டுலயும் குளங்கள்ல இறால் செத்து மிதக்க ஆரம்பிச்சுது. ஓட்டுல வெள்ளை வெள்ளையாப் புள்ளி. மனுஷனுக்கு ஒண்ணும் பண்ணாது, ஆனா ஒரு வாரம் பத்து நாள்ல குளத்தையே காலி பண்ணிடும். நமக்கு இருக்கற மாதிரி, ஒரு தடவை வந்த கிருமியை ஞாபகம் வச்சுச் சண்டை போடற ஆண்டிபாடி இறாலுக்குக் கிடையாது. அதனால நம்ம பாணித் தடுப்பூசியும் வேலைக்கு ஆகாது. தாய் இறாலை ஒவ்வொரு தடவையும் கடல்ல இருந்து தான் பிடிச்சு வரணும்ங்கறதால, கடல்ல இருந்தே வைரஸும் கூட வந்துச்சு. பல கம்பெனிகள் குளத்தை அப்படியே போட்டுட்டுப் போயிட்டாங்க. நான் பஸ்ல பார்த்த வெடிச்ச குளங்கள் அந்த வகையாத் தான் இருக்கணும். உப்பு ஏறின மண்ணு, நெல்லுக்கும் ஆகாது, இறாலும் இல்ல.

அதுக்கு அப்புறம் வந்தது தான் நம்ம வெனாமி. ஊரு மெக்சிகோவுல இருந்து பெரு வரைக்கும் இருக்கற பசிபிக் கரை. அமெரிக்காவுல, ஹவாய்ல, பல தலைமுறை அடைச்சு வச்சே வளர்த்து, நோய் இல்லாத குடும்பங்களாப் பிரிச்சு எடுத்தாங்க. கோழி மாதிரி, மாடு மாதிரி, முழுசா வீட்டு விலங்காகிடுச்சு. புலி இறால் தரையோட தரையா இருக்கும், வெனாமி தண்ணி முழுக்க நீந்தும், அதனால ஒரே குளத்துல நிறைய விடலாம். உப்பு கம்மியா இருந்தாலும் வளரும். இந்தியா 2009-ல அனுமதி குடுத்துச்சு. வெளிநாட்டுல இருந்து வர்ற தாய் இறால் எல்லாம் சென்னை நீலாங்கரையில தனிமைப்படுத்தி, சோதிச்ச பிறகு தான் பொரிப்பகத்துக்குப் போகணும். கொரோனா காலத்துல நாம பட்டதை இறால் பத்து வருஷம் முன்னாடியே பட்டிருக்கு :-)

2023-24-ல இந்தியா சுமார் 7 லட்சம் டன் உறைய வச்ச இறால் ஏற்றுமதி பண்ணியிருக்கு, மதிப்பு 40,000 கோடி ரூபா. அதுல பெரும்பங்கு இந்த வெனாமி தான். இன்னைக்கு இதை நம்பி ஆயிரக்கணக்கான சின்ன விவசாயிகளும் இருக்காங்க, கடன் வாங்கிக் குஞ்சு விட்டுட்டு ராத்திரி தூங்காம குளத்தைச் சுத்தி வர்றாங்க. அவங்களை வில்லனாக்க எனக்கு மனசு வரல.

ஜெகந்நாதன் 2013-ல காலமானார். அவருக்கும் கிருஷ்ணம்மாளுக்கும் 2008-ல 'மாற்று நோபல்'னு சொல்ற விருது கிடைச்சுது. 2020-ல அரசாங்கம் கிருஷ்ணம்மாளுக்குப் பத்மபூஷண் குடுத்துச்சு. விருது குடுத்தாச்சு, தீர்ப்பைத் தான் பின்தேதி போட்டு அழிச்சாச்சு.

இறால் சாப்பிடாதீங்கன்னு சொல்ல நான் இதை எழுதல. எனக்கே நாக்கு அடங்காது. ஆனா இந்த இறாலோட விலையில நமக்குப் பில்லுல வராத ஒரு பகுதியை நடு ஏக்கர்காரரும், களையெடுக்கப் போய்க்கிட்டு இருந்த அம்மாவும் நமக்கு முன்னாடியே கட்டிட்டாங்க. நீரி சொன்னதும் அதைத் தான், கோர்ட் சொன்னதும் அதைத் தான்.

அடுத்த தடவை ஊருக்குப் போகும்போது அந்த வெடிச்ச குளம் ஒண்ணுல இறங்கி, மாமாவைக் கூட வச்சுக்கிட்டு, இது யாரோட வயலா இருந்துச்சுன்னு கேட்கணும். இத்தனை வருஷம் கேட்காம விட்டுட்டேன்.

டிஸ்கி: தொக்கு நல்லாவே வந்திருந்துச்சு. அதையும் மறைக்க விரும்பல.